மணியார்டர் நின்றுபோன வீடுகள்

திருத்துறைப்பூண்டிப் பக்கத்தில் திரைக்கதை எழுதப் பழகிவரும் இளைஞர் ஒருவர் இரண்டு கேள்விகளை முன்வைத்திருக்கிறார். ‘இன்சென்டீஸ்’ என்ற கனடா நாட்டுப் படத்தைப் பார்த்த பிறகு, போர் ஒரு குடும்பத்துக்குள் விட்டுச்சென்ற ரகசியத்தைப் பற்றித் தாமும் ஒரு படம் எழுத விரும்புவதாகவும், காவிரிப் படுகையில் போரே நடக்காததால் கதையை ஈழத்துக்குக் கொண்டுபோவதைத் தவிர வேறு வழி உண்டா என்றும் கேட்கிறார். ரகசியத்தைப் படத்தின் எந்த இடத்தில் உடைப்பது என்பது அவருடைய இரண்டாவது கேள்வி. முதல் கேள்விக்குச் சரியான விடை கிடைத்தால் இரண்டாவதற்கும் அதற்குள்ளேயே விடை இருக்கிறது என்பதால், இரண்டையும் சேர்த்தே பேசுகிறேன்.

டெல்டாவில் குண்டு விழவில்லை என்பது உண்மை. போர் வரவில்லை என்பதை என்னால் ஏற்க முடியாது. நாகப்பட்டினம் துறைமுகத்திலிருந்து பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் கப்பலேறியவர்கள் இல்லாத கிராமம் கீழத்தஞ்சையில் அரிது. தோட்டத்துக்கு ஆள் சேர்த்த கங்காணியின் பேச்சை நம்பிப் போனவர்களும், பண்ணையின் சவுக்கடிக்குத் தப்பிப் போனவர்களும், கூத்தாநல்லூர், நாகூர் போன்ற ஊர்களிலிருந்து வியாபாரத்துக்குப் போனவர்களும் ஒரே கப்பலின் வெவ்வேறு தட்டுகளில் பயணம் செய்தார்கள். 1938-இல் இந்திய அரசு மலேயாவுக்குத் தொழிலாளர்களை உதவித்தொகையோடு அனுப்புவதை நிறுத்தியது. அதற்கு முன்பு போனவர்கள் அங்கேயே இருந்தார்கள், மாதாமாதம் மணியார்டர் வந்துகொண்டிருந்தது. 1941 டிசம்பர் 8-ஆம் தேதி ஜப்பானியப் படை கோத்தா பாருவில் இறங்கியது. 1942 பிப்ரவரி 15-ஆம் தேதி சிங்கப்பூர் சரணடைந்தது. அந்தப் பத்து வாரங்களுக்குள் தபாலும் நின்றது, பணமும் நின்றது. அடுத்த மாதமே ரங்கூனும் விழுந்து பர்மா அரிசி வருவது அற்றுப்போனதில் நெல் விலை ஏறியது. களத்தில் நெல் வைத்திருந்த மிராசுதாருக்கு அந்தப் போர் ஒருவிதமாகவும், மணியார்டரை நம்பி உலை வைத்துக்கொண்டிருந்த பெண்ணுக்கு வேறுவிதமாகவும் வந்து சேர்ந்தது. இந்த இரண்டு வீடுகளும் ஒரே ஊரில் இருந்தன என்பதை உங்கள் திரைக்கதை ஒரு நொடியும் மறந்துவிடக் கூடாது.

அக்கரையில் இருந்தவர்களுக்கு நேர்ந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். தாய்லாந்தின் பான் போங்கிலிருந்து பர்மாவின் தான்பியூசாயட் வரை 415 கிலோமீட்டர் நீளத்துக்கு ஜப்பானியர்கள் போட்ட ரயில் பாதையை, மலேசியத் தமிழர்கள் இன்றும் சயாம் மரண ரயில் என்றே சொல்கிறார்கள். 1942-இல் தொடங்கிய அந்த வேலை 1943 அக்டோபரில் முடிந்தது. நேச நாடுகளின் போர்க்கைதிகள் 60,000-க்கும் மேற்பட்டவர்கள் அதில் வேலை வாங்கப்பட்டார்கள். 12,000-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். ஆனால் அந்தப் பாதையை முதன்மையாகச் சுமந்தவர்கள் ஆசியத் தொழிலாளர்களே. மலேயாவிலிருந்து மட்டும் 70,000-க்கும் மேற்பட்டோர் கொண்டுசெல்லப்பட்டார்கள், அவர்களில் பெரும்பகுதி ரப்பர் தோட்டத் தமிழர்கள். குறுகிய கால வேலை, நல்ல கூலி என்று சொல்லி அழைக்கப்பட்டவர்களும் உண்டு, வேலைக்கூட்டத்திலும் படக்கொட்டகை வாசலிலும் வளைத்துப் பிடிக்கப்பட்டவர்களும் உண்டு. 1943-ஆம் ஆண்டு மழைக்காலத்தில் காலரா முகாம் முகாமாகக் கொன்றது. காஞ்சனபுரியில் இருக்கும் போர்க் கல்லறையில் ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகள் பெயரும் படைப்பிரிவும் பொறித்த கல்லுக்குக் கீழே கிடக்கிறார்கள். தமிழர்களுக்கு அப்படிப் பெயர் பெயராக ஒரு பட்டியலும் இல்லை, பெயர் பொறித்த கல்லும் இல்லை.

டெல்டாவின் குடும்ப ரகசியம் இந்த இடத்தில்தான் பிறக்கிறது. இறந்தவனுக்கு நாள் தெரியாவிட்டால் திதி கிடையாது. திதி இல்லாதவனை மகாளய அமாவாசையன்று எல்லோரோடும் சேர்த்து நினைக்கலாம். ஆனால் அதற்கும் அவன் இறந்துவிட்டான் என்று யாராவது ஒருவர் முதலில் முடிவெடுக்க வேண்டும். காணாமற்போனவருக்குப் பன்னிரண்டு ஆண்டுகள் காத்திருந்து, தர்ப்பையில் உருவம் செய்து எரித்துக் கருமாதி நடத்தும் வழக்கம் நம்மிடம் இருந்தது. ஆக, போர் இந்த வீடுகளுக்குப் பிணத்தை அனுப்பவில்லை. ஒரு முடிவை எடுக்கும் பாரத்தை அனுப்பியது. அந்த முடிவை யார் எடுத்தார்கள், எதைத் தெரிந்துகொண்டு எடுத்தார்கள், எதை மறைத்து எடுத்தார்கள் என்பதே உங்கள் படம் என்று நான் நினைக்கிறேன்.

நீங்கள் குறிப்பிட்ட படத்திலும் அடித்தளம் இதுவே என்பதைக் கவனியுங்கள். டெனி வில்நெவ் 2010-இல் எடுத்த அந்தப் படம், லெபனானில் பிறந்த வஜ்டி முவாவத் எழுதிய நாடகத்திலிருந்து உருவானது. கதை நடக்கும் நாட்டுக்குப் படத்தில் பெயர் கிடையாது. ஆனால் 1975 முதல் 1990 வரை லெபனானில் நடந்த உள்நாட்டுப் போரின் சாயலை யாரும் தவறவிட முடியாது. தாய் இறந்ததும் அவளுடைய உயிலை இரட்டைப் பிள்ளைகளுக்குப் படித்துக் காட்டுகிறார்கள். தந்தையிடம் சேர்க்க ஒரு கடிதம், இருப்பதாகவே அதுவரை அவர்கள் அறியாத அண்ணனிடம் சேர்க்க ஒரு கடிதம். அவை சேரும் வரை தன் கல்லறையில் பெயர் பொறித்த கல் வைக்கக் கூடாது என்பது அவள் கட்டளை. அந்தப் படத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் எல்லோரும் அதன் கடைசித் திருப்பத்தையே பேசுகிறார்கள். எனக்கு அதைவிட வலுவாகத் தோன்றுவது, பெயர் பொறிக்காத அந்தக் கல். சடங்கு முடிவடையாமல் நிற்பதால் பிள்ளைகள் நடக்க வேண்டியிருக்கிறது. அதன் திருப்பம் கிரேக்க நாடகத்தின் வம்சத்தைச் சேர்ந்தது. அவ்வளவு பெரிய தற்செயலை அந்தப் படத்தின் இறுகிய கட்டமைப்பு தாங்கும், நம் மண்ணில் நட்டால் செயற்கையாகவே தெரியும். முடிவடையாத சடங்கையோ நீங்கள் எங்கிருந்தும் கடன் வாங்க வேண்டியதில்லை.

அது வீட்டுக்குள் எப்படித் தெரியும் என்று கேட்பீர்கள். பழைய கல்யாணப் பத்திரிகைகளை எடுத்துப் பாருங்கள். தகப்பனார் பெயருக்கு முன்னால் ‘காலஞ்சென்ற’ என்று இருக்கிறதா இல்லையா என்பதுதான் அந்த வீட்டின் போர் வரலாறு. மூத்த மகள் கல்யாணத்தில் அந்தச் சொல் இல்லாமலும், மூன்று வருடம் கழித்து இளைய மகள் கல்யாணத்தில் அந்தச் சொல்லோடும் பத்திரிகை அடிக்கப்பட்டிருந்தால், இடையில் அந்த வீடு ஒரு மனிதனைச் சாகச் செய்திருக்கிறது என்று பொருள். அவன் மனைவியின் நெற்றியும் கழுத்தும் அந்தச் சொல்லோடு கட்டுண்டவை. பெண்ணுக்குத் தாய் சுமங்கலியாக முன்னால் நிற்கலாமா, அடுக்களை ஓரத்தில் நின்று பார்க்க வேண்டுமா என்பதை மாப்பிள்ளை வீட்டார் கேட்பார்கள். கேட்பதற்குள் ஒரு பதில் தயாராக இருந்தாக வேண்டும். கல்யாணத்துக்காகப் பிழைத்திருந்தவன் கல்யாணம் முடிந்ததும் இறந்தான் என்றால், அதைப் பொய் என்று யாரும் ஊரில் சொல்லியிருக்க மாட்டார்கள்.

இதை வைத்து ஒரு சட்டகத்தை உங்களுக்குக் காட்ட முயல்கிறேன். பிடித்தால் எடுத்துக்கொள்ளுங்கள், இல்லையென்றால் உடைத்து வேறாகக் கட்டுங்கள். வேதாரண்யம் பக்கம் இரண்டு மா நிலமுள்ள ஒருவன் 1937-இல் கப்பலேறுகிறான். அப்போது மூத்த மகளுக்கு மூன்று வயது, மகனுக்கு ஒரு வயது, இளையவள் வயிற்றில். 1942-இல் பணம் நிற்கிறது. 1946-இல் கப்பல்கள் மறுபடி ஓடத் தொடங்கியதும் ஒரு கடிதம் வருகிறது. தாய்க்குப் படிக்கத் தெரியாது. பள்ளிக்கூடம் போன மூத்த மகள்தான், பன்னிரண்டு வயதில், அதை வாசிக்கிறாள். அவன் சயாமிலிருந்து உயிரோடு திரும்பியிருக்கிறான், காலராவில் கிடந்தவனைத் தூக்கி நிறுத்தியவளோடும் அவளுக்குப் பிறந்த பிள்ளையோடும் தோட்டத்திலேயே தங்கிவிட்டான், இனி வருவதற்கில்லை. மகள் வாயைத் திறந்து, பாதியை மட்டும் வாசிக்கிறாள். சயாமுக்குப் போனவரைப் பற்றித் தகவல் இல்லை என்று படித்துவிட்டுக் கடிதத்தை மடித்துவிடுகிறாள். அன்றைக்கு அவள் செய்தது தாயின் மேல் வைத்த அன்பினால்தான். பணம் நின்று பன்னிரண்டு ஆண்டுகள் கழிந்து, 1954-இல், இளைய மகளின் கல்யாணத்துக்கு வழி பிறக்க வேண்டும் என்று பங்காளிகள் கூடித் தர்ப்பை உருவம் செய்கிறார்கள். பதினெட்டு வயது மகன் கொள்ளி வைக்கிறான். தாய்க்குப் பூவும் பொட்டும் போகின்றன. உயிரோடிருக்கும் ஒருவனுக்குக் கருமாதி நடக்கிறது என்பது அந்தப் பந்தலில் ஒரே ஒருத்திக்குத்தான் தெரியும்.

உங்கள் இரண்டாவது கேள்விக்கு இதற்குள் விடை இருக்கிறது. கடிதம் வாசிக்கும் காட்சியைக் கடைசிக்கு ஒளித்து வைக்காதீர்கள். படத்தின் முதல் மூன்றில் ஒரு பங்குக்குள் பார்வையாளருக்குக் காட்டிவிடுங்கள். ஒளித்து வைத்தால் கருமாதிக் காட்சி வெறும் சடங்காகக் கடந்துபோகும், கடைசியில் ஒருவர் உட்கார்ந்து விளக்கம் சொல்வார், பார்வையாளர் ஒரு முறை திடுக்கிட்டு எழுந்துபோவார். முன்பே தெரிந்திருந்தால், அம்மி மேல் வைத்த வளையல் நொறுங்கும்போது கேமரா அந்த மூத்த மகளின் முகத்தில் இருந்தாலே போதும். அவள் வாயைத் திறப்பாளா என்று பார்வையாளர் மூச்சைப் பிடித்துக்கொண்டிருப்பார். குடும்ப ரகசியத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் அதைப் புதையலாக நினைத்துக் குழி தோண்டுகிறார்கள். உண்மையில் அது ஒருவர் ஒவ்வொரு நாளும் செய்ய வேண்டிய வேலை: இன்ன கேள்விக்கு இன்ன பதில் என்று நினைவு வைத்திருக்க வேண்டும், அமாவாசைதோறும் எள்ளும் தண்ணீரும் இறைக்கப்படுவதைத் தடுக்காமல் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும்.

இன்றைய காலத்துக் கதையைத் தொடங்கி வைக்க, தற்செயலாகக் கிடைக்கும் டைரிப் பெட்டி எதுவும் தேவையில்லை. 2018 நவம்பர் 16-ஆம் தேதி கஜா புயல் வேதாரண்யத்தில் கரையைக் கடந்தது. வீடிழந்தவர்கள் வீடு கட்ட உதவி கேட்டு அலுவலகம் போனால், பட்டா யார் பெயரில் இருக்கிறது என்றுதான் முதலில் கேட்பார்கள். பட்டா இன்னும் மலேயா போன தாத்தாவின் பெயரில் இருக்கிறது. நம் பகுதியில் இது அன்றாடம் காண்பது. பேத்தி வாரிசுச் சான்றிதழுக்கு அலைகிறாள். இறப்புச் சான்றிதழ் கொண்டுவா என்கிறார்கள். அது இல்லையென்றால், அவர் இறந்துவிட்டதாக நீதிமன்றத்தில் விளம்புகை வாங்கு என்கிறார்கள். 2024 ஜூன் வரை நடைமுறையில் இருந்த, 1872-ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டத்தின் 108-ஆம் பிரிவு இங்கே உங்களுக்குக் கைகொடுக்கிறது. ஒருவன் உயிரோடு இருந்தால் இயல்பாகவே அவனைப் பற்றிக் கேள்விப்பட்டிருக்கக் கூடியவர்கள், ஏழு ஆண்டுகளாக எதுவும் கேள்விப்படவில்லை என்றால், அவன் உயிரோடிருப்பதாகச் சொல்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும் என்பது அதன் சாரம். எண்பத்துநான்கு வயதான பெரிய அத்தை ஒருத்திதான் சாட்சி. கேள்விப்படவே இல்லை என்று அவள் கூண்டிலேறிச் சத்தியம் செய்ய வேண்டும். இத்தனை வருடங்களாகப் பட்டாவை மாற்றுவதற்கு அவள் ஏன் குறுக்கே நின்றாள் என்பது அப்போதுதான் குடும்பத்துக்கு உறைக்கத் தொடங்கும். வழக்கறிஞர் ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு இந்தப் பகுதியை எழுதுங்கள். சட்டம் தப்பாக வந்தால் முழுப் படமும் சரியும்.

சட்டத்தைப் பற்றிய இன்னொன்றையும் நீங்கள் அறிந்திருக்க வேண்டும். இருதார மணத்தைத் தடுக்கும் சட்டம் சென்னை மாகாணத்தில் 1949-இல்தான் வந்தது, நாடு முழுவதற்குமான இந்து திருமணச் சட்டம் 1955-இல். அதற்கு முன்பு ஓர் இந்து ஆண் இரண்டாம் தாரம் கட்டிக்கொள்வதைச் சட்டம் குற்றமாகக் கருதவில்லை. அப்படியானால் அக்கரைக் குடும்பத்தை இந்த வீடுகள் ஏன் எழுபது வருடம் மறைத்தன? நிலத்தில் பங்கு கேட்டு வந்துவிடுவார்கள் என்ற பயம் ஒரு காரணம். அதைவிடப் பெரிய காரணம் சாதி. தோட்டத்துத் தொழிலாளர் குடியிருப்பான லயத்தில் யார் பக்கத்தில் யார் இருந்தார்கள், யார் யாருக்குக் கஞ்சி ஊற்றினார்கள் என்பதை ஊரின் தெருக் கணக்கு ஏற்றுக்கொள்ளாது. கதாசிரியர்கள் இந்த இடத்துக்கு வந்ததும் ‘குடும்ப மானம்’ என்ற பொதுச் சொல்லுக்குள் ஒதுங்கிக்கொள்வதைப் பலமுறை பார்த்து வருந்தியிருக்கிறேன். உங்கள் படத்தில் அக்கரையில் அவனோடு வாழ்ந்த அந்த அம்மாள் எந்தத் தெருவைச் சேர்ந்தவள் என்பது வெளிப்படையாகச் சொல்லப்பட வேண்டும்.

இதே கதையைப் பண்ணையாள் குடும்பத்தில் வைத்தால் முற்றிலும் வேறு படம் வரும். அங்கே பட்டா இல்லை, அச்சடித்த பத்திரிகை இல்லை, பெரும்பாலும் கடிதமும் இல்லை. தஞ்சாவூர் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்ததே 1952-இல்தான். ஆனால் மரண ரயிலில் செத்தவர்களில் அந்தத் தெருக்களிலிருந்து போனவர்களும் இருந்தார்கள். அந்த வீட்டில் ரகசியம் காகிதத்தில் தங்காமல் ஒப்பாரியில் தங்கியிருக்கும். பாட்டி யார் சாவுக்குப் போய் அழுதாலும் கடைசியில் தன் புருஷனுக்கு அழுது முடிப்பாள். எந்த வீடு என்பதை முதலில் தீர்மானியுங்கள். இரண்டையும் ஒரே படத்தில் அடைக்கப் பார்த்தால், நிலமுள்ள வீட்டின் கதை மற்றதை விழுங்கிவிடும்.

கிழக்கே இன்னொரு வாசலும் இருக்கிறது. அரசலாறு கடலில் கலக்கும் காரைக்கால் 1954 நவம்பர் 1 வரை பிரெஞ்சு நிர்வாகத்தில் இருந்தது. அங்கிருந்தும் புதுச்சேரியிலிருந்தும் போனவர்கள் இந்தோசீனாவில் பிரெஞ்சுப் படையிலும் அலுவலகங்களிலும் வேலை செய்தார்கள். 1946 முதல் 1954 வரை வியட்நாமியர்கள் தங்கள் விடுதலைக்காகப் போரிட்டபோது, நம்மவர்களில் சிலர் எதிர்ப்பக்கத்தில் துப்பாக்கியோடு நின்றார்கள். ஓய்வு பெற்று வந்தவர்களை ஊரில் சொல்தா என்பார்கள். வியட்நாமிய மனைவியோடு திரும்பியவர்களும் உண்டு, விட்டுவிட்டுத் திரும்பியவர்களும் உண்டு. 1962-இல் இந்தியாவோடு சட்டப்படியான இணைப்பு நடந்தபோது, பிரெஞ்சுக் குடியுரிமை வேண்டுமென்றால் ஆறு மாதத்துக்குள் எழுதிக் கொடுக்க வேண்டியிருந்தது; ஒரே வீட்டில் ஒருவர் எழுதிக் கொடுக்க, மற்றவர் மறுத்த கதைகள் இன்றும் பேசப்படுகின்றன. தான் அங்கே என்ன செய்தோம் என்பதை ஒரு சொல்தா பேரனிடம் சொல்லாமல் இருப்பது, மேலே சொன்ன ரகசியத்தைவிடக் கனமானது, ஏனென்றால் அது அவருக்கு நேர்ந்ததைப் பற்றியதன்று, அவர் செய்ததைப் பற்றியது. இதை எழுத இன்னும் முதிர்ந்த கை வேண்டும் என்று நினைக்கிறேன். இரண்டாவது படமாக வைத்துக்கொள்ளலாம்.

ஈழத்தைப் பொறுத்தவரை, கோடியக்கரையும் வேதாரண்யமும் அந்தப் போருக்கு மிக அருகில் இருந்தவை. 1983-க்குப் பிறகு படகில் வந்திறங்கியவர்களை நம் கரைக்காரர்கள் நேரில் கண்டிருக்கிறார்கள். ஆனால் அந்த இழப்பின் சாட்சிகள் உயிரோடிருக்கிறார்கள், தங்கள் கதையைத் தாங்களே சொல்லிக்கொண்டும் இருக்கிறார்கள். படத்துக்கு ஒரு போர் தேவைப்படுகிறது என்ற காரணத்துக்காக மட்டும் அதை எடுப்பது தகாது.

நேதாஜியின் படையைப் பற்றி ஓர் எச்சரிக்கை. இந்திய தேசிய ராணுவத்தில் தோட்டத் தமிழர்கள் ஏராளமாகச் சேர்ந்தார்கள். தேசப்பற்றால் சேர்ந்தவர்களோடு, ரயில் வேலைக்குத் தப்புவதற்காகச் சேர்ந்தவர்களும் இருந்தார்கள், அதில் குறைசொல்ல எதுவும் இல்லை. பின்னாளில் ஊரில் கேட்டவர்களுக்கெல்லாம் ‘அவர் நேதாஜி படையில் போனார்’ என்று சொல்லுவது மதிப்பான பதிலாக இருந்திருக்கும். உங்கள் கதையில் கூடத்துச் சுவரில் நேதாஜி படம் மாட்டியிருக்கலாம். ஆனால் அந்தப் பொய்யைக் கேலியாக எடுக்காதீர்கள். மரண ரயிலில் செத்தவனுக்கு எந்தத் தேசமும் பட்டயம் தரவில்லை. வேறெங்கும் கிடைக்காத மரியாதையை அந்த வீடு தானே செய்துகொண்டது.

முடிவில் அத்தை கூண்டில் ஏற வேண்டுமா என்று நீங்கள் என்னைக் கேட்பீர்கள். ஏறி, உண்மையைச் சொல்லி, வழக்கைத் தோற்கடிக்க வேண்டும் என்பது என் விருப்பம். கேள்விப்பட்டேன் என்று அவள் சொன்னால், நிலத்துக்கு மலேசியப் பிள்ளைகளும் வாரிசாகிறார்கள், பேத்திக்கு வீடு தள்ளிப்போகிறது, கொள்ளி வைத்த தம்பி தள்ளாத வயதில் தான் செய்தது என்ன என்பதை அறிகிறார். இவ்வளவு சேதத்தையும் படம் கணக்கில் எடுக்க வேண்டும். அழுது கட்டிக்கொண்டு எல்லோரும் ஒன்றாகிவிடும் காட்சிக்கு இங்கே இடமில்லை. பினாங்கிலிருந்து வரும் உறவினரை நல்லவராகவோ பேராசைக்காரராகவோ ஆக்காமல், தன் தகப்பன் ஊரில் தனக்கு முன்பே கருமாதி முடிந்துவிட்டது என்று கேட்கும் ஒரு மனிதராக எழுதுங்கள். அவர் பேசும் தமிழ் மலேசியத் தோட்டத்துத் தமிழாக இருக்கட்டும், நம்மூர்ப் பேச்சாக மாற்றிவிடாதீர்கள். அதற்குச் சிங்கப்பூர் தேசிய ஆவணக் காப்பகத்தில் ஜப்பானியர் காலத்தைப் பற்றித் தமிழில் பதிவான வாய்மொழி நேர்காணல்கள் உதவும். பழைய ‘தமிழ் முரசு’ நாளிதழ்களைச் சிங்கப்பூர் தேசிய நூலகத்தின் எண்மத் தொகுப்பில் படிக்கலாம். இவற்றுக்குப் போவதற்கு முன்னால் உங்கள் தெருவிலேயே எண்பத்தைந்து, தொண்ணூறு வயதுப் பெண்கள் யார் யார் இருக்கிறார்கள் என்று விசாரித்து, அவர்கள் வீட்டில் கடிதங்களை அந்தக் காலத்தில் யார் வாசித்தார்கள் என்று கேளுங்கள்.